பெட்டி வந்த காலமும் 'கீ' வந்த காலமும்

படிப்பு முடித்த கையோடு எங்கள் ஊர் தியேட்டரில் ஆப்பரேட்டர் மாமாவுக்குக் கூடமாட வேலை பார்த்தேன். எங்களுடையது சி சென்டர், அதாவது புதுப்படம் கடைசியாக வந்து சேரும் சின்ன ஊர். டவுனில் ஓடித் தேய்ந்த பிரிண்ட்தான் பெட்டியில் வரும், அதுவும் பல வாரம் கழித்து. திரை முழுக்கக் கோடு. சில ரீலில் ஒரு பாட்டையே காணோம் (எந்த ஊர் புண்ணியவான் வெட்டினாரோ!). பக்கத்து ஊரோடு ஒரே பிரிண்ட்டைப் பங்கு போட்டால், அங்கே முடிந்த ரீலை ஒரு பையன் டி.வி.எஸ். 50-ல் கட்டி எடுத்து வருவான். அவன் வண்டி பஞ்சரானால் இங்கே இடைவேளை நீளும். முறுக்குக் கடைக்காரருக்குக் கொண்டாட்டம்.

2005-இல் பிலிம் ரீல் இல்லாமல் டிஜிட்டலில் படம் காட்டும் க்யூப் வந்தது. எங்கள் ஊரை எட்டச் சில வருடம் பிடித்தது. அப்புறம் ஹார்ட் டிஸ்கில் படம், அதைத் திறக்க மெயிலில் வரும் ஒரு கீ (பாஸ்வேர்டு மாதிரி), அவ்வளவுதான். சென்னைக்கு வரும் அன்றே எங்களுக்கும் புதுப்படம், ஒரு கோடு இல்லாமல்! பைனான்ஸ் தகராறில் கீ வராத நாட்களில்தான் பாடு. கூட்டம் கேட்டைத் தட்டும், மாமா மெயிலையே பார்த்துக்கொண்டிருப்பார். டிஜிட்டல் கட்டணத்தை யார் தருவது என்ற சண்டையில், 2018 மார்ச் தொடங்கி ஒன்றரை மாதம் தமிழில் புதுப்படமே வரவில்லை.

அப்புறம் வீட்டிலேயே இணையத்தில் படம் பார்க்கும் ஓ.டி.டி. வந்தது. 'மாஸ்டர்' 2021 ஜனவரி 13-இல் தியேட்டருக்கு வந்தது, 29-இல் அமேசான் பிரைமுக்குப் போய்விட்டது. அந்தக் காலத்தில் அதற்குள் எங்கள் ஊருக்குப் பெட்டியே வந்திருக்காது. முதல் நாள் படம் கிடைத்தது சரி, மூன்றாவது வாரம் போய்விட்டதே. சின்ன ஊர் தியேட்டர் பிழைத்ததே அந்த வாரங்களில்தான்.

*

அண்ணா, எங்கள் வீட்டுக் கதை வேறு. அம்மாவுக்கு மூட்டுவலி, தியேட்டர் படி ஏறிப் பல வருடம் ஆயிற்று. 2020 நவம்பரில் 'சூரரைப் போற்று' நேராகப் பிரைமில் வந்ததால்தான் புதுப்படத்தை ஊரோடு சேர்ந்து பார்த்தார். நடுவில் "நிறுத்துடி, மூணு விசில் வந்துடுச்சு" என்று எழுந்து போனார். நீங்கள் சொல்லும் மூன்றாவது வாரத்தில்கூட அவரால் வந்திருக்க முடியாது.

*

நியாயம்தான் தங்கச்சி. மாமா இப்போது கேபிள், ஃபைபர் இணைப்பு கொடுக்கிற வேலை பார்க்கிறார். அம்மாவைப் போன்றவர்கள்தான் அவருக்கு வாடிக்கை. படம் வந்த முதல் வாரமே யாராவது "அண்ணே, போன்ல எப்ப வரும்?" என்று கேட்டால் மட்டும் மனுஷனுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும்.