போர்ப் படம்னு பயந்து பயந்து போட்டேன், அம்மா சிரிச்சாங்க (உங்க அனுபவமும் சொல்லுங்க)

காட்பாடிக்காரன்:

ரொம்ப நாளா எழுதணும்னு இருந்தேன். என் ஃப்ரெண்டோட அம்மா யாழ்ப்பாணம், 1996ல படகுல வந்தவங்க, ராமேஸ்வரம் பக்கம் மண்டபம் முகாம்ல கொஞ்ச நாள் இருந்துட்டு அப்புறம் நம்ம வேலூர் மேல்மொணவூர் அகதிகள் முகாம், 2021 நவம்பர்ல முதலமைச்சர் வந்து புது வீடுங்களுக்கு அடிக்கல் நாட்டினார்ல, அதே இடம். ஒரு ஞாயித்துக்கிழமை அவங்க வீட்ல லேப்டாப்ல 'வெஸ்ட் பெய்ரூட்' போட்டுக்கினு இருந்தோம். 1998ல வந்த லெபனான் படம், ஸியாத் துவெய்ரி எடுத்தது. 1975 ஏப்ரல் 13ம் தேதி பெய்ரூட்ல ஒரு பஸ்ஸ சுட்டதுல உள்நாட்டுப் போர் ஆரம்பிக்குது, ஊரே கிழக்கு மேற்குன்னு ரெண்டா பிரிஞ்சுடுது, ஆனா படம் முழுக்க தாரேக்னு ஒரு பையன், அவன் ஃப்ரெண்டு, கையில ஒரு சூப்பர் 8 கேமரா, அவ்ளோதான். சண்டைக்கு நடுவுல ஜனங்க எப்படி வாழ்ந்தாங்கன்னு சிரிக்க வெச்சுக்கினே காட்டும்.

அம்மா பக்கத்துல உக்காந்து கீரை ஆய்ஞ்சுக்கினு இருந்தாங்க. எனக்கு உள்ளுக்குள்ள ஒரே பதட்டம், இவ்ளோ பார்த்தவங்க முன்னாடி இத போய் போடுறோமே, நிறுத்திடலாமான்னு ஃப்ரெண்டுகிட்ட கண்ணால கேட்டேன். அப்போ ஸ்கூல மூடிட்டாங்கன்னு அந்தப் பையன் சந்தோஷப்படுற சீன் வந்துச்சு, நான் சிரிக்கலாமா வேணாமான்னு முழிக்கிறேன், அம்மா பக்குனு சிரிச்சுட்டாங்க. "எங்களுக்கும் முதல் நாள் அப்பிடித்தான் தம்பி, பள்ளிக்கூடம் இல்லையெண்டு ஒரே சந்தோசம்"னாங்க. அப்புறம் ராத்திரி எல்லாரும் படிக்கட்டுல ஓடி கீழ பதுங்குற இடம் வந்ததும் கீரைய ஓரமா வெச்சுட்டு சொல்ல ஆரம்பிச்சாங்க பாருங்க, படத்த அப்படியே நிறுத்தி வெச்சுட்டோம்.

அவங்க வீட்ல ஒரு ஆடு இருந்துச்சாம். "பொம்பர் (குண்டு போடுற பிளேன்) வாற சத்தம் எங்களுக்குக் கேக்க முதல் ஆட்டுக்குக் கேட்டிடும், குதிச்சு முதல் ஆளா பங்கருக்குள்ள நிக்கும், நாங்கள் அதைத் தள்ளிப்போட்டுத்தான் இருக்கோணும்." தாத்தா மட்டும் சோத்துத் தட்ட விட்டு வரமாட்டாராம், பாட்டி பங்கருக்குள்ள இருந்தே திட்டுவாங்களாம், மேல பிளேன் சத்தத்தையும் மீறி அந்தத் திட்டுதான் கேக்குமாம்.

1990க்கு அப்புறம் பொருளாதாரத் தடை, பேட்டரி உள்ள வராது, மண்ணெண்ணெய் யானை விலை. ரேடியோ கேக்க சைக்கிள தலைகீழா கவுத்து வெச்சு பெடல கையால சுத்தணும், டைனமோல இருந்து ஒயர் எடுத்து ரேடியோவுக்கு. சுத்துற வேலை அம்மாவோட தம்பிக்கு. ராத்திரி பிபிசி தமிழோசையில எந்த ஊர்ல குண்டு விழுந்துச்சுன்னு சொல்ல வர்ற நேரம் பார்த்து அவன் கை வலிக்குதுன்னு விட்டுடுவானாம், செய்தி அப்படியே அமுங்கிடும், வீடே அவன் மேல பாயும். இத சொல்லி சொல்லி சிரிச்சாங்க, கண்ணுல தண்ணி வர்ற அளவுக்கு. அந்தத் தம்பி இப்ப எங்கன்னு நான் கேக்கல. ஃப்ரெண்டு கேக்காதன்னு மாதிரி என் கைய புடிச்சான்.

இருபது வருஷமா அவங்க கையால சாப்பிடுறேன், இதெல்லாம் அன்னிக்குதான் முதல்முறையா கேட்டேன். நேரா கேட்டிருந்தா சொல்லியிருக்கவே மாட்டாங்க, அந்தப் படத்துல ஸ்கூல மூடிட்டாங்கன்னு ஒரு பையன் சந்தோஷப்படுறானே, அதுதான் அவங்க வாய திறந்துச்சு.

கணியம்பாடி:

எங்கப்பா மிலிட்டரி, இந்திய அமைதிப்படையில 1988ல இலங்கையில இருந்தவர். வாயே திறக்கமாட்டார். நான் 'நோ மேன்ஸ் லேண்ட்' பார்த்தது லகான தோக்கடிச்சு ஆஸ்கர் வாங்கின படம்ன்ற கோவத்துல, போஸ்னியா போர், பதுங்குகுழியில எதிரும் புதிருமா ரெண்டு பேர் மாட்டிப்பாங்க. பேசிக்கினே வரும்போது ரெண்டு பேருக்கும் ஒரே பொண்ணு தெரிஞ்சிருக்கும். அந்த இடத்துல அப்பா, "ஒரு செக்பாயிண்ட்ல வயசான அம்மா எந்த ஊர் தம்பின்னு கேட்டாங்க, வேலூர்னேன், வேலூர் ஆஸ்பத்திரிக்கு என் மகனைக் கூட்டிக்கினு வந்திருக்கேன்னு சொன்னாங்க, அதுக்கப்புறம் அந்தம்மா பையில கை விட எனக்கு மனசு வரல"ன்னார். எழுந்து போய் வாசல்ல உக்காந்துட்டார். மிச்சப் படத்த பார்க்கல.

காட்பாடிக்காரன்:

படிச்சதும் ஒரு மாதிரி ஆயிடுச்சுங்க. அப்பாவுக்கு என் வணக்கத்த சொல்லுங்க.

இன்னொரு விஷயம், அம்மாவோட பேரன் ஆறாவது படிக்கிறான், பெடல சுத்தினா எப்படி ரேடியோ பாடும்னு நம்பவே மாட்டேங்கிறான். செஞ்சு காட்டலாம்னு பார்த்தா இப்ப வர்ற சைக்கிள்ல டைனமோவே இல்ல, வேலூர் சைதாப்பேட்டையில ரெண்டு சைக்கிள் கடையில கேட்டுட்டேன். யார் வீட்டு பரண்லயாவது பழசு கிடந்தா சொல்லுங்க, நானே வந்து வாங்கிக்கிறேன்.