பாடகர் இறந்துவிட்டார் என்று பகிர்ந்து மாட்டிக்கொண்டேன். நீங்கள் எப்படி உறுதிப்படுத்துகிறீர்கள்?

கடற்கரை_வீதி:

வெள்ளவத்தையில் இருக்கிறேன், எங்கள் தொடர்மாடி வட்ஸ்அப் குழுமத்துக்கு நான்தான் அட்மின். போன சனிக்கிழமை இரவு பத்தரை மணியிருக்கும், அம்மாவுக்கு மிகவும் பிடித்த ஒரு பழைய பின்னணிப் பாடகர் காலமாகிவிட்டார் என்று ஒரு படம் வந்தது. கறுப்பு வெள்ளை முகம், பக்கத்தில் குத்துவிளக்கு, மேலே ஒரு தொலைக்காட்சியின் சின்னம். ஐந்து நிமிடத்துக்குள் வேறு மூன்று குழுமங்களிலும் அதே படம். நாலு இடத்தில் வந்துவிட்டதே, பொய்யாகவா இருக்கும் என்று நானும் 'ஆழ்ந்த இரங்கல்' போட்டு எல்லோருக்கும் அனுப்பிவிட்டேன். அம்மா அழுது, அவருடைய பாட்டைக் கேட்டுக்கொண்டே படுத்தார். காலையில் பார்த்தால் மனிதர் தன் வீட்டுக் கதிரையில் இருந்து வீடியோ போட்டிருக்கிறார், சிரித்துக்கொண்டு! மூன்றாம் மாடி அங்கிள் லிஃப்டில் கண்டதும் "இன்றைக்கு யார் தம்பி போனது?" என்று கேட்கிறார்.

நம்மைப் போன்ற சாதாரண ஆட்கள் ஐந்து பத்து நிமிடத்தில் பார்த்து முடிவெடுக்க ஏதாவது வழி உண்டா? "பகிராமல் இரு" என்று மட்டும் எழுத வேண்டாம், அது எனக்கும் தெரியும்.

இரவுப்பக்கம்:

நாலு இடத்தில் வந்தது என்று நினைத்தீர்களே, அங்கேதான் பிழை. நாலு குழுமத்திலும் ஒரே படம் என்றால் செய்தி ஒன்றுதான். நான் ஒரு பத்திரிகையில் பல வருடம் இரவு மேசையில் வேலை பார்த்தவன், நாங்கள் எண்ணிக்கையைப் பெரிதாகப் பார்ப்பதில்லை. முதலில் சொன்னவர் யார், அவருக்கு அது எப்படித் தெரிந்தது? இந்த இரண்டுக்கும் பதில் கிடைக்கும்வரை பக்கத்தில் இடம் விட்டுவிட்டு, அச்சகத்துக்காரர் கத்தக் கத்த உட்கார்ந்திருப்போம்.

எஸ்.பி.பி.யை நினைத்துப் பாருங்கள். 2020 ஆகஸ்ட் 5 அன்று ஆஸ்பத்திரிக்குப் போனார், ஏழு வாரம் கிடந்தார், இடையில் எத்தனையோ வதந்தி ஓடியது. ஆனால் மகன் சரண் அடிக்கடி வீடியோவில் வந்து நிலைமையைச் சொல்லிக்கொண்டிருந்ததால், எங்கே பார்க்க வேண்டும் என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. செப்டெம்பர் 25 மத்தியானம் செய்தி உறுதியானதும் அவர் மூலமாகத்தான். குடும்பத்தில் ஒருவர், இல்லாவிட்டால் ஆஸ்பத்திரியின் எழுத்து அறிக்கை. இந்த இரண்டில் ஒன்று வரும்வரை நம்பாதீர்கள்.

பெரிய தொலைக்காட்சி சொன்னால் சரி என்றும் இல்லை. ஜெயலலிதா விஷயத்தில் 2016 டிசெம்பர் 5 மாலையே சில தமிழ்த் தொலைக்காட்சிகள் இறந்துவிட்டார் என்று போட்டன. கட்சி அலுவலகக் கொடியைக்கூட அரைக்கம்பத்துக்கு இறக்கி, மறுபடி ஏற்றினார்கள். ஆஸ்பத்திரி மறுத்தது. அன்றிரவு 11.30க்குத்தான் உயிர் பிரிந்தது.

இன்னொரு சங்கதி, வெளியாட்களுக்கு இது விகாரமாகத் தோன்றும்: பிரபலமானவர்களின் அஞ்சலிக் குறிப்பை அவர்கள் உயிரோடு இருக்கும்போதே எழுதிவைப்பது எங்கள் தொழிலில் வழக்கம். 2020 நவம்பரில் பிரான்சின் ஆர்.எப்.ஐ. வானொலி தன் இணையத்தளத்தை மாற்றும்போது அப்படி வைத்திருந்த நூறு பேர் வரையிலானோரின் குறிப்புகள் தவறுதலாக வெளியாகிவிட்டன. எலிசபெத் மகாராணி, பேலே, கிளின்ட் ஈஸ்ட்வுட் எல்லோரையும் ஒரே நாளில் அனுப்பிவிட்டார்கள். அதனால் கட்டுரை நீளமாக, பிறந்த ஊரில் இருந்து எல்லா விபரத்தோடும் இருக்கிறது என்பதும் சாட்சி இல்லை.

லெக்_ஸ்பின்:

கிரிக்கெட் பார்க்கிறவர்களுக்கு சிம்பாப்வே வீரர் ஹீத் ஸ்ட்ரீக்கின் கதை மறக்காது. 2023 ஆகஸ்ட் 23, அவரோடு ஒன்றாக விளையாடிய ஹென்றி ஒலொங்காவே, ஸ்ட்ரீக் போய்விட்டார் என்று எழுதினார். கூட விளையாடியவன் சொன்னால் யார்தான் சந்தேகப்படுவார்கள், உலகம் முழுக்கச் செய்தியாகிவிட்டது. கொஞ்ச நேரத்தில் ஸ்ட்ரீக்கிடமிருந்தே ஒலொங்காவுக்கு மெசேஜ் வந்தது, "மூன்றாவது நடுவர் அவரைத் திருப்பிக் கூப்பிட்டுவிட்டார்" என்று ஒலொங்கா கிரிக்கெட் பாஷையில் திருத்தம் போட்டார். புற்றுநோய் உண்மை, செப்டெம்பர் 3 அன்று உண்மையாகவே இறந்தார். அந்த நேரம் பலர் "இதுவும் பொய்தானே" என்று நம்பாமல் இருந்தது இன்னொரு கொடுமை.

இரவுப்பக்கம் அண்ணா, குடும்பமோ ஆஸ்பத்திரியோ சொல்ல வேண்டும் என்கிறீர்கள், சரி. ஆனால் ஆளின் சொந்தக் கணக்கிலேயே வந்தால்? இந்தி நடிகை பூனம் பாண்டே 2024 பெப்ரவரி 2 அன்று தன் இன்ஸ்டாகிராம் கணக்கிலேயே தான் கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோயில் இறந்துவிட்டதாகப் போடவைத்து, அடுத்த நாள் உயிரோடு வந்து, விழிப்புணர்வு என்றார். அதற்கு நான் என்ன செய்வது!

இரவுப்பக்கம்:

அதற்கு ஒன்றும் செய்ய முடியாது தம்பி. ஆனால் அன்றைக்கே சிலருக்கு உறுத்தியது. எந்த ஆஸ்பத்திரி, இறுதிச் சடங்கு எங்கே, குடும்பத்தில் யார் பேசினார்கள், ஒன்றுமே இல்லை. இறப்பு என்றால் இந்த விபரங்கள் சில மணி நேரத்தில் தானாக வந்துவிடும்.

வார்ட்_டியூட்டி:

கொழும்பில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் தாதியாக இருக்கிறேன், பெயர் வேண்டாம். உறுதிப்படுத்துகிறேன் என்று தயவுசெய்து ஆஸ்பத்திரிக்குக் கோல் எடுக்காதீர்கள். ரிசப்ஷனில் இருப்பவருக்கு நோயாளி பற்றிச் சொல்ல அனுமதி இல்லை, அவர் "தெரியாது" என்றால் அதையே "மறைக்கிறார்கள்" என்று போடுகிறார்கள். மெஷினில் போட்டிருக்கிறார்கள் என்று ஒருவர் வெளியில் சொன்னால், கேட்டவர் 'முடிந்துவிட்டது' என்று எடுத்துக்கொள்கிறார்.

எங்கள் வார்டில் பலருக்கும் தெரிந்த ஒருவர் இருந்தார். உயிர் இருக்கும்போதே முகநூலில் அஞ்சலி ஓடத் தொடங்கியது. வெளிநாட்டில் இருந்த மகள் அதைப் பார்த்துவிட்டு அழுதுகொண்டு வார்டுக்கே எடுத்தார், எங்களால் போனில் ஒன்றும் சொல்லவும் முடியாது. கன்டீனில் தேநீர் குடித்துக்கொண்டிருந்த அவருடைய சித்தப்பாவை ஓடிப்போய்க் கூட்டிவந்து பேசவைத்தோம். அந்தப் பிள்ளை இரண்டு நாளைக்குள் அப்பாவை இரண்டு தரம் இழந்தது.

பழைய_வானொலி:

எனக்கு எழுபத்திரண்டு வயது, கொட்டாஞ்சேனை. இதெல்லாம் வட்ஸ்அப் வந்த பிறகு வந்த வியாதி என்று நினைக்காதீர்கள் பிள்ளைகள். 1979 மார்ச்சில் இந்தியத் தலைவர் ஜெயப்பிரகாஷ் நாராயண் இறந்துவிட்டார் என்று பிரதமர் மொரார்ஜி தேசாயே இந்திய நாடாளுமன்றத்தில் அறிவித்து, சபை இரங்கலும் தெரிவித்தது. ஜெயப்பிரகாஷ் அப்போது பம்பாயில் ஓர் ஆஸ்பத்திரியில் உயிரோடு இருந்தார், இறந்தது ஒக்டோபர் 8 அன்றுதான்.

எதிர்ப்பக்கமும் உண்டு. 1993 மே தினத்தில் ஆமர் வீதியில் குண்டு வெடித்தபோது ஜனாதிபதி பிரேமதாசவும் போய்விட்டார் என்று எங்கள் தெருவெல்லாம் பேச்சு, அரசாங்கம் வாயைத் திறந்தது பல மணி நேரம் கழித்து. அன்றைக்குத் தெருதான் சரி. ஆகவே அறிவிப்பு வரவில்லை, அதனால் பொய் என்றும் உடனே சொல்லிவிடாதீர்கள். இன்னும் தெரியவில்லை என்று சொல்லிக்கொண்டு இருக்கலாமே, அதில் என்ன வெட்கம்?

தம்பி கேட்ட வழி ஒன்று நம்மிடமே இருக்கிறது. நம்முடைய மரண அறிவித்தலைப் பாருங்கள், வானொலியானாலும் பத்திரிகையானாலும் எந்த மலர்ச்சாலை, கிரியை எத்தனை மணிக்கு, தகனம் பொரளை கனத்தை மயானமா வேறெங்குமா என்று இருக்கும், கடைசியில் 'தகவல்: குடும்பத்தினர்'. குத்துவிளக்குப் படத்தில் அந்தக் கடைசி வரியைத் தேடிப் பாருங்கள்.

லெக்_ஸ்பின்:

ஐயா சொன்னது அருமை. நான் பார்க்கும் இரண்டு விஷயம்: படத்தில் எந்தத் தொலைக்காட்சியின் சின்னம் இருக்கிறதோ, அவர்களுடைய பக்கத்துக்கே போய் அந்தச் செய்தி இருக்கிறதா என்று பார்ப்பேன், பாதி வதந்தி அங்கேயே விழுந்துவிடும். அப்புறம் விக்கிப்பீடியாவில் இறந்த திகதி ஏறியிருந்தால் வரலாற்றுப் பகுதியைத் திறந்து, எப்போது யார் மாற்றியது, மேற்கோள் இருக்கிறதா என்று பார்ப்பேன். வதந்தியைக் கண்டு ஒருவர் அதை மாற்ற, அதைக் காட்டி இன்னொருவர் வதந்தியை உறுதிப்படுத்துவது அடிக்கடி நடக்கிறது. திகதியையும் பாருங்கள், நினைவு நாளுக்குப் போட்ட அஞ்சலியே புதுச் செய்தியாகச் சுற்றுவதுண்டு.

கடற்கரை_வீதி:

எல்லோருக்கும் நன்றி. லெக்_ஸ்பின் சொன்னபடி அந்தத் தொலைக்காட்சியின் பக்கத்தில் தேடினேன், அப்படி ஒரு படமே இல்லை, எழுத்துருவும் வேறு. பிறகு இரவுப்பக்கம் அண்ணாவின் கேள்வியை வைத்துக்கொண்டு, எங்கள் குழுமத்தில் அதை முதலில் போட்டது யார் என்று மேலே இழுத்துப் பார்த்தேன். மூன்றாம் மாடி அங்கிள்.