மஞ்சுக்கல்லுக்குக் கணக்கு கேட்கலாமா?

தலைக்குந்தா:
என் நீலமுடிக் கதையின் ஏழாம் பாகத்துக்கு வந்த ஒரு கேள்வியால்தான் இந்த இழை. படிக்காதவர்களுக்கு: மலை உச்சியில் ஒரு தலைநகர். சாயங்காலம் பள்ளத்தாக்கிலிருந்து மூட்டம் ஏறும்போது மஞ்சோதுவார்கள் பண் பாடுவார்கள், கோட்டைச் சுவரில் தொங்கும் மஞ்சுக்கற்கள் அந்த மூட்டத்தைக் குடித்துவிட்டு ஆயிரம் விளக்குகளை விடிய விடிய எரிக்கும். எண்ணெய், விறகு, புகை எதுவும் இல்லை. உடனே ஒரு ஐயா, "இதற்குச் சக்தி எங்கிருந்து வருகிறது?" என்கிறார். மந்திரக் கதைக்கு மீட்டர் ரீடிங் எடுக்க வந்தால் நான் என்ன செய்ய?

பவர்ஹவுஸ் ரிட்டையர்டு:
கேட்டது நான்தான் தம்பி. நீலகிரியில் பைக்காரா ஆற்றுத் தண்ணீர் 1932-லிருந்து மூவாயிரம் அடி இறங்கி சிங்காரா மின்நிலையத்தில் பெல்ட்டன் சக்கரத்தை, அதாவது தண்ணீர் பீய்ச்சி அடித்துச் சுழல்கிற டர்பைனை, சுற்றிக்கொண்டிருக்கிறது. அவ்வளவு உயரத்திலிருந்து வந்தும் ஒரு டன் தண்ணீருக்குச் சுமார் இரண்டரை யூனிட்தான், அதிலும் நஷ்டம் போக மிச்சம்தான் கைக்கு வரும். உங்கள் மூட்டம் எங்கேயும் விழவில்லை, எரியவும் இல்லை. பாட்டுக்கு விளக்கு எரிகிறது என்றால் என் சர்வீஸ் முழுக்க வீண்.

மழைக்காகிதம்:
ஐயா, விக்கிரமாதித்தன் கதையில் வேதாளம் எப்படிப் பறந்தது என்று யாராவது கேட்டார்களா? படிக்கும்போது உடம்பு சிலிர்த்ததா, அவ்வளவுதான் விஷயம்.

தலைக்குந்தா:
அப்படியே விட்டுவிட எனக்கும் மனசில்லை. ஆவி குளிர்ந்து நீராகும்போது சூடு வெளியாகும் அல்லவா, கல் அதைத்தான் எடுத்துக்கொள்கிறது. போதுமா?

பவர்ஹவுஸ் ரிட்டையர்டு:
போதாது. ஆவி வேறு, மூட்டம் வேறு. மூட்டம் ஏற்கெனவே நீர்த்துளி ஆகிவிட்டது, அந்தச் சூட்டைக் காற்றுக்குக் கொடுத்துவிட்டுத்தான் உங்கள் கோட்டைக்கே வந்து சேர்கிறது. பிழிந்த கரும்புச் சக்கையை மறுபடி மெஷினில் விடுகிறீர்கள்.

தலைக்குந்தா:
சரி, தோற்றேன். அப்புறம் ராத்திரி முழுக்க யோசித்ததில் ஒன்று தோன்றியது: கல் அந்தத் துளியை உறைய வைக்கிறது. உறையும்போதும் சூடு வெளியாகும். ஃபிரிட்ஜ் கரன்ட் வாங்கிக்கொண்டு செய்கிற வேலையை இது பாட்டு வாங்கிக்கொண்டு செய்கிறது, மந்திரம் என்று நான் கேட்கிற சலுகை அந்த ஒரு இடத்தில் மட்டும்தான்.

பவர்ஹவுஸ் ரிட்டையர்டு:
இது பேச்சு! அந்தச் சலுகையைத் தருகிறேன், கணக்கைப் பார்ப்போம். ஒரு கிலோ நீர் உறைந்தால் 334 கிலோஜூல். ஒரு யூனிட் என்பது 3,600. ஆக யூனிட்டுக்குப் பதினோரு கிலோ ஐஸ். மூட்டத்தில் கன மீட்டருக்கு 0.1 கிராம் நீர் என்று வைத்தால், ஒரு யூனிட்டுக்கே ஒரு கால்பந்து மைதானத்தின் மேல் பதினைந்து மீட்டர் உயரத்துக்கு நிற்கிற மூட்டம் மொத்தமும் வேண்டும். ஆயிரம் விளக்கு, ஒவ்வொன்றும் நம் வீட்டு 10 வாட் பல்பு மாதிரி, பன்னிரண்டு மணி நேரம்: 120 யூனிட், 120 மைதானம். காற்றில் மூட்டம் வந்துகொண்டே இருக்கும் என்பீர்கள், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ராத்திரிக்கு ஒன்றேகால் டன்னுக்கு மேல் ஐஸ் சேருமே, அதை யார் கூட்டுவது?

மழைக்காகிதம்:
கதையைக் கொன்று தோலை உரித்துத் தொங்கவிட்டாயிற்று. சந்தோஷமா?

கொழுந்து:
ஐஸ் கிடக்கட்டும் ஐயா, எனக்கு வேறு சந்தேகம். 120 மைதானத்து மூட்டத்தைக் குடித்துவிட்டால் அந்தச் சரிவில் வானம் தெளிந்துவிடும் இல்லையா? இங்கே தேயிலைத் தோட்டம் வைத்திருக்கிற யாரைக் கேட்டாலும் சொல்வார்கள், மூட்டம் கவிந்த ராத்திரியில் உறைபனி விழாது, அது தரைக்குப் போர்த்திய கம்பளி மாதிரி. காற்று அசையாமல், நட்சத்திரம் பளிச்சென்று தெரிகிற ராத்திரியில்தான் வயிறு கலங்கும். விடிந்ததும் கொழுந்து மேல் உப்புத் தூவினாற்போல் வெள்ளையாக இருக்கும், பார்க்க அழகுதான், டூரிஸ்டுகள் போட்டோ எடுப்பார்கள். வெயில் ஏறினால் அதே இலை வெந்நீர் ஊற்றின கீரை மாதிரித் துவண்டு, இரண்டு நாளில் கருகிப் பீடித்தூள் நிறத்துக்கு வந்துவிடும். மறுபடி துளிர்க்கும்வரை பறிக்க ஒன்றும் இல்லை. கோட்டையில் ஆயிரம் விளக்கு எரிகிறதே, கீழே யாருடைய செடி கருகியது?

மழைக்காகிதம்:
அக்கா, எல்லாக் கதையிலும் விவசாயி அழ வேண்டுமா? ஒரு ஊராவது சும்மா ஜொலித்துவிட்டுப் போகட்டுமே.

கொழுந்து:
ஜொலிக்கட்டும் தம்பி, வேண்டாம் என்றா சொன்னேன்? கீழே இருக்கிறவர்கள் சாயங்காலமானால் அந்தப் பண் காதில் விழுகிறதா என்று பயந்துகொண்டே சாக்கை எடுத்து நாற்றைப் போர்த்துவார்கள் என்று ஒரு வரி போடச் சொல்கிறேன், அவ்வளவுதான். அழுகிற ஆள் யாரும் வேண்டாம்.

மழைக்காகிதம்:
அந்த ஒரு வரி வந்தால் விளக்கைப் பார்க்கும்போதெல்லாம் சாக்குதான் ஞாபகம் வரும். எனக்கு வேண்டாம்.

தலைக்குந்தா:
எனக்கு வேண்டும். எட்டாம் பாகத்தில் பண் பாட வரும் பையன் கீழ் ஊர்க்காரன் என்று ஏற்கெனவே எழுதிவிட்டேன், ஏன் அப்படி வைத்தேன் என்று எனக்கே தெரியாமல் இருந்தது. முதல் நாள் அவன் குரல் எழும்பாது. மழைக்காகிதம், உங்களுக்குப் பிடிக்காது, தெரியும்.

மழைக்காகிதம்:
படிப்பேன். திட்டிக்கொண்டே படிப்பேன்.

பவர்ஹவுஸ் ரிட்டையர்டு:
எல்லாம் சரி, ஒன்றேகால் டன் ஐஸுக்கு இன்னும் பதில் வரவில்லை.