காசுகளில் பச்சைப் பொடி, அவசரம்

பாலாற்றங்கரை: வணக்கம். எங்கள் காட்சி அறையில் உள்ள காசுகளில் பச்சையாகப் பொடி பூக்கிறது. போன மாதம் துடைத்தோம், மறுபடி வந்துவிட்டது. திங்கட்கிழமை பிள்ளைகள் பார்க்க வருகிறார்கள். எதைப் போட்டுத் துடைக்கலாம்?

ஆரணிக்காரி: என்ன காசு, செம்பா வெள்ளியா? எதில் வைத்திருக்கிறீர்கள்? படம் போடுங்கள்.

விளக்கேற்றி: புளியைக் கரைத்துத் தேய்த்தால் போதும். எங்கள் வீட்டுக் குத்துவிளக்குக்கு வெள்ளிக்கிழமைதோறும் அதுதான்.

கோட்டைவாசல்: புளியா? தயவுசெய்து வேண்டாம். இதை இங்கே எத்தனை முறை எழுதுவது? கேட்பதற்கு முன் பழைய இழைகளைப் படியுங்கள். கெட்டியாக ஒட்டிய கரும்பச்சைக் களிம்பு காசுக்குத் தோல் மாதிரி. அதை எடுத்தால் எழுத்தும் போய்விடும். வெளிறிய பச்சையில் மாவு போல உதிர்ந்தால்தான் நோய். மண்ணில் கிடந்தபோது ஏறிய உப்பு, குளோரைடாக உள்ளேயே இருக்கிறது. காற்றின் ஈரம் பட்டதும் அது செம்பைத் தின்னத் தொடங்கும். நீங்கள் துடைப்பது மேலே உள்ள பொடியை மட்டும்தான்.

சத்துவாச்சாரி: வேலூரை வெயிலூர் என்கிறோம், இங்கே ஈரம் எங்கிருந்து வரும்? ஏசி போட்டால் சரியாகிவிடும்.

ஆரணிக்காரி: ஐப்பசி, கார்த்திகை மழையில் சுவரைத் தொட்டுப் பாருங்கள். பகலில் ஏசி போட்டு இரவில் நிறுத்தினால் ஈரம் ஏறி இறங்கும். அது இன்னும் கெடுதல்.

பாலாற்றங்கரை: மன்னிக்கவும், அவசரத்தில் விட்டுவிட்டேன். குடியாத்தம் பக்கம் ஒரு பள்ளிக்கூடம். செம்புக் காசு, சுமார் 40. தோட்டம் தோண்டும்போது கிடைத்தவை. புது பிளைவுட் அலமாரி, உள்ளே வெல்வெட் துணி. ஜன்னல் பக்கச் சுவரில் ஓதம்.

சத்துவாச்சாரி: தோண்டி எடுத்ததா? தாசில்தாரிடம் சொன்னீர்களா? 1878 புதையல் சட்டம் இருக்கிறது.

விளக்கேற்றி: சொன்னால் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். பிள்ளைகள் எதைப் பார்ப்பது?

சத்துவாச்சாரி: பத்து ரூபாய்க்கு மேல் மதிப்பிருந்தால் கலெக்டருக்குத் தெரிவித்தே ஆகவேண்டும் அண்ணா. நாளைக்குப் பிரச்சினை பள்ளிக்கூடத்துக்குத்தான்.

கோட்டைவாசல்: தெரிவிப்பது கட்டாயம், அதில் பேச்சே இல்லை. இப்போது காசைக் காப்பாற்றுங்கள். பிளைவுட் அமில ஆவி விடும், வெளியே எடுங்கள். பொடி உதிர்பவற்றைப் பிரித்து வையுங்கள், வெறுங்கையால் தொடாதீர்கள். காற்றுப் புகாத பிளாஸ்டிக் டப்பாவில் ஈரம் உறிஞ்சும் சிலிக்கா ஜெல் மணிகளோடு மூடுங்கள். நீல மணி இளஞ்சிவப்பானால் ஈரம் குடித்துவிட்டது என்று அர்த்தம். சுமார் 110 டிகிரி சூட்டில் காயவைத்தால் மறுபடி நீலமாகும். உள்ளே ஈரம் அளக்கும் ஒரு சின்ன ஹைக்ரோமீட்டர் வைத்து ஈரப்பதம் 40 சதவீதத்துக்குக் கீழே நிற்கிறதா பாருங்கள். உப்பை எடுப்பது வீட்டு வேலை இல்லை. எழும்பூர் அருங்காட்சியகத்தில் 1930 முதல் அதற்கென்றே ஆய்வகம் இருக்கிறது. முதலில் நம் வேலூர்க் கோட்டைக்குள் இருக்கும் அருங்காட்சியகத்தில் காட்டுங்கள்.

பாலாற்றங்கரை: டப்பாவுக்கு மாற்றிவிட்டோம். 6 காசில் பொடி, தனியாக வைத்திருக்கிறோம். திங்கட்கிழமைக்குப் படங்களை மட்டும் ஒட்டுகிறோம். தாசில்தார் அலுவலகம் போய்விட்டு அப்படியே கோட்டைக்கும் போகிறேன். நன்றி.

ஆரணிக்காரி: டப்பாவுக்குள் அந்த வெல்வெட்டையே விரித்தீர்களா?