செங்குத்துக் கோடுகளின் சாய்வு: மகளுக்கு எப்படிச் சொல்வது?

வணக்கம். பத்தாம் வகுப்பு மகளுக்கு ஆயத்தொலை வடிவியல் சொல்லிக்கொடுக்கிறேன். இணைகோடுகளின் சாய்வு சமம் என்பது உடனே பிடிபட்டது. ஒன்றுக்கொன்று செங்குத்தான கோடுகளில்தான் திணறல்: அவற்றின் சாய்வுகளின் பெருக்கற்பலன் ஏன் -1?

கட்டத்தாளில் வலப்பக்கம் 3, மேலே 2 கட்டம் போகும் கோடு வரைந்தேன், சாய்வு 2/3. டிரேசிங் தாளில் அதைப் படியெடுத்து, இடஞ்சுழியாகக் கால்வட்டம் திருப்பினேன். இப்போது இடப்பக்கம் 2, மேலே 3, சாய்வு -3/2. அவள் முகம் மலர்ந்துவிட்டது.

அப்புறம் கேட்டாள்: "கிடைக்கோட்டுச் சாய்வு 0. நிலைக்குத்துக் கோட்டுக்குச் சாய்வே வரையறுக்க முடியாதே அப்பா, -1 எப்படி வரும்?"

விதிவிலக்கு என்று மட்டும் சொல்ல மனம் வரவில்லை. கணித ஆசிரியர்கள் இதை வகுப்பில் எப்படி விளக்குகிறீர்கள்? வியாழக்கிழமை தேர்வு, அதற்குள் சொன்னால் பெரிய உதவி.