மஞ்சள் போர்டு டிரைவருக்கு யூரின் டெஸ்ட் கட்டாயமா? நெல்லைப் பக்கத்து வாதம்

தாமிரபரணிக்காரன்

வாடகை வண்டி ஓட்டுகிற எல்லோருக்கும் ஆண்டுக்கொருமுறை போதைப்பொருள் பரிசோதனையைக் கட்டாயமாக்க வேண்டும் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் வரலாம்.

இன்றைக்கு என்ன இருக்கிறது? டிரான்ஸ்போர்ட் லைசென்ஸுக்கும், நாற்பது வயது தாண்டியவருக்கும் படிவம் 1ஏ-யில் டாக்டர் சர்டிபிகேட். பார்வை, காது, சிவப்பு பச்சை தெரிகிறதா, மாலைக்கண் உண்டா, கைகால் சரியா. யூரினும் கிடையாது, எச்சிலும் கிடையாது.

நியூயார்க்கில் டாக்ஸி லைசென்ஸ் வாங்கும்போது ஒரு பரிசோதனை, அப்புறம் வருஷாவருஷம் ஒன்று. கலிபோர்னியாவில் டாக்ஸிக்கு அனுமதி கொடுக்கும் ஊர்கள் இதை வைத்தே ஆகவேண்டும் என்று மாநிலச் சட்டமே இருக்கிறது. அவ்வளவு தூரம் போவானேன். நம் நாட்டு விமானிகளுக்கு 2022 ஜனவரி 31 முதல் உண்டு; ஆண்டுக்குக் குறைந்தது 10 சதவீதம் பேருக்கு, சொல்லாமல் கொள்ளாமல். ரயில் லோகோ பைலட் ட்யூட்டி ஏறுமுன் ஊதிக் காட்ட வேண்டும். ராத்திரி 1 மணிக்கு நெல்லை வண்ணாரப்பேட்டையில் பிள்ளைகுட்டியோடு ஏறி, நாகர்கோவில் வழியாகத் திருவனந்தபுரம் ஏர்போர்ட்டுக்குப் போகிறவனுக்கு மட்டும் அது வேண்டாமா?

மஞ்சள்போர்டு72

அண்ணாச்சி, ஆசை நல்ல ஆசைதான். ஆனா எந்தக் கொக்கியில கொண்டுபோயி மாட்டப் போறீங்க?

7500 கிலோவுக்கு உட்பட்ட வாடகை வண்டிக்கு சாதா கார் லைசென்ஸே போதும்னு 2017-லயே உச்ச நீதிமன்றம் சொல்லிட்டு. 2024 நவம்பர்ல அஞ்சு நீதிபதி அமர்வும் அதையே உறுதி பண்ணிட்டு. அப்போ 25 வயசுல கார் லைசென்ஸ் எடுத்தவன் 40 வயசு வரைக்கும் ரெனிவலுக்கே போக வேண்டாம். அந்த 1ஏ சீட்டே அவன் கைக்கு வராது. ரெனிவல்ல டெஸ்ட்டுன்னா அது பெரிய பஸ் ஓட்டுதவனுக்குத்தான் விழும். செடான் ஓட்டுத பையன் பக்கத்துல நின்னு வேடிக்கை பாப்பான்.

அடுத்தது ஆக்டிங் டிரைவர். ஆனி ஆடியில சாரல் விழுந்துட்டா சனி ஞாயிறு குற்றாலத்துக்கு வண்டிக்கு ஆள் பத்தாது. பேட்டாவுக்கு வாரவன்தான் பாதி ராத்திரியில ஸ்டியரிங்க பிடிக்கான். அவன் எந்த ஸ்டாண்டுலயும் கிடையாது, எந்த ஆப்புலயும் கிடையாது. நீங்க சோதிக்கப் போறது ஸ்டாண்டுல இருபது வருஷமா நிக்குத ஆளைத்தான்.

வருஷத்துக்கு ஒரு நாள், அதுவும் தேதி தெரிஞ்ச நாள். அதுல மாட்டுதவனுக்குப் போதை இருக்கோ இல்லையோ, காலண்டர் பாக்கத் தெரியலைன்னு வேணா சொல்லலாம்.

லேப்மேசை

தேதி விஷயத்தில் 72 சொல்வது பாதி சரி. கஞ்சாவுக்கு அந்தக் கணக்கு வேறு. எப்போதோ ஒருமுறை இழுத்தவனுக்குச் சிறுநீரில் மூன்று நாள் வரை தெரியும். தினமும் இழுப்பவனுக்கு, விட்ட பிறகும் 30 நாள் வரை, சிலருக்கு அதற்கு மேலும் தெரியும். ஆகவே தேதி தெரிந்த டெஸ்ட் பழக்க அடிமையைப் பிடிக்கும், சனிக்கிழமைக்காரனை விட்டுவிடும்.

ஆனால் எதைத் தேடுகிறோம் என்று யாரும் கேட்கவில்லையே. கடையில் கிடைக்கும், சிறுநீர் பட்டதும் கோடு காட்டும் பட்டைக் கிட்டில் கஞ்சா, கொக்கைன், ஆம்பெட்டமின், மார்பின் வகை, சிலவற்றில் தூக்க மாத்திரை வகையான பென்சோடயசிபின் இருக்கும். அமெரிக்கப் போக்குவரத்துத் துறையின் ஐந்து வகைப் பட்டியலில் பென்சோ கிடையாது, பதிலுக்கு நம்மூருக்குச் சம்பந்தமே இல்லாத பி.சி.பி. என்ற போதைப்பொருள் இருக்கிறது. அதை அப்படியே இங்கே இறக்கினால் நம்மூர்ப் பிரச்சினை வெளியே நிற்கும். தமிழ்நாட்டில் போலீஸ் பறிமுதல் செய்தியைப் படிக்கிற யாருக்கும் டேபென்டடால் என்ற வலி மாத்திரையின் பெயர் தெரியும். மார்பின் பட்டை மார்பினையும் கோடீனையும்தான் பிடிக்கும். டேபென்டடால், டிரமடால் இரண்டும் செயற்கைச் சரக்கு, அந்தப் பட்டைக்கு அகப்படாது. தனிப் பட்டை வேண்டும். நரம்பு வலி மாத்திரையான பிரிகாபலினும் அப்படியே. கஞ்சா இழுத்தவன் மாட்டுவான், மாத்திரை போட்டவன் 'நெகட்டிவ்' சீட்டோடு வண்டி எடுப்பான். இது தெரிந்ததும் கஞ்சாக்காரனும் மாத்திரைக்கு மாறினால் அந்தப் பாவம் யாருக்கு?

கிட்டைப் படிப்பதிலும் தப்பு நடக்கும். கர்ப்பப் பரிசோதனைக் கிட் பழகிய கண்ணுக்கு இரண்டு கோடு என்றால் 'பாசிட்டிவ்'. போதைக் கிட்டில் தலைகீழ். கிட் வேலை செய்கிறது என்று காட்டும் சி கோடும், போதைப்பொருளுக்கான டி கோடும் வந்தால் நெகட்டிவ். டி கோடு வராவிட்டால்தான் பாசிட்டிவ். டி கோடு பூனை முடி மாதிரி மங்கலாக வந்தாலும் அது நெகட்டிவ்தான். சி கோடே வரவில்லையென்றால் கிட் செல்லாது, வேறு பிரிக்க வேண்டும். ஐந்து நிமிடத்தில் படிக்க வேண்டும். டீ குடித்துவிட்டு வந்து பார்த்த கோட்டுக்கு மதிப்பில்லை.

குறுக்குத்துறைக் குசும்பன்

ஒரு சந்தேகம். புரோட்டா சால்னாவில் கசகசா போடுவார்களே. ராத்திரி ரெண்டு புரோட்டா தின்ன டிரைவர் காலையில் அபின்காரன் ஆகிவிடுவானா?

லேப்மேசை

சிரிப்புக்குக் கேட்டாலும் கேள்வி சரியானது. கசகசாவில் மார்பின் ஒட்டிக்கொண்டு வரும். அமெரிக்காவில் இதற்காகவே 1998-ல் பாசிட்டிவ் என்று சொல்லும் வரம்பை மில்லிக்கு 300 நானோகிராமிலிருந்து 2000-க்கு ஏற்றினார்கள். நம்மூர் சில்லறைக் கிட் பலவற்றில் இன்னும் 300-தான் அச்சாகியிருக்கும், பெட்டியைத் திருப்பிப் பாருங்கள். சால்னாவுக்குக் கசகசாவை ஊறவைத்து, அரைத்து, கொதிக்கவிடுகிறோம்; கழுவலிலும் சூட்டிலும் பெரும்பகுதி போய்விடும், ஒரு கரண்டிக்கு வருவதும் கொஞ்சம். ரெண்டு புரோட்டாவுக்குப் பயப்பட வேண்டாம். கசகசா பாயாசம் ரெண்டு டம்ளர் குடித்துவிட்டு 300 கிட்டில் உட்கார்ந்தால் நான் உத்தரவாதம் தரமாட்டேன்.

சால்னாவைவிட டிரைவர்கள் கவலைப்பட வேண்டியது சட்டைப் பையில் இருக்கும் மாத்திரைக்கு. நேரத்துக்குச் சாப்பாடு இல்லாத தொழில், வயிற்றெரிச்சலுக்கு பான்டோபிரசோல் போடாதவர் குறைவு. அது சில கிட்டில் கஞ்சா பட்டையை ஏமாற்றும். ரனிடிடினும் மூக்கடைப்புக்குப் போடும் சூடோஎபிட்ரினும் ஆம்பெட்டமின் பட்டையை ஏமாற்றும். கோடீன் கலந்த இருமல் டானிக் மார்பின் பட்டையில் நிஜமாகவே பாசிட்டிவ். அதனால் கிட் முடிவை வைத்து யார் சோற்றிலும் கைவைக்கக் கூடாது. பொருளைப் பிரித்து இன்னதென்று அடையாளம் காட்டும் ஜி.சி.எம்.எஸ். கருவியில் உறுதிப்படுத்த வேண்டும், மாத்திரைச் சீட்டைப் பார்த்து முடிவு சொல்ல ஒரு டாக்டர் வேண்டும். கிட் சில நூறு ரூபாய். உறுதிப் பரிசோதனை ஆயிரங்களில் போகும்.

சட்டம்பேசுவோம்

பரிசோதனை முடிந்து பாசிட்டிவும் வந்துவிட்டது என்று வையுங்கள். அதை வைத்து என்ன செய்ய முடியும்?

மோட்டார் வாகனச் சட்டம் 185-ல் மதுவுக்கு எண் இருக்கிறது: 100 மில்லி ரத்தத்தில் 30 மில்லிகிராமுக்கு மேல். போதைப்பொருளுக்கு எண்ணே இல்லை. வண்டியைச் சரியாகக் கட்டுப்படுத்த முடியாத அளவுக்கு அதன் பிடியில் இருந்தார் என்று காட்ட வேண்டும். சிறுநீரில் தெரிவது உடம்பு கஞ்சாவை உடைத்துக் கழித்த கசடு. அதற்கு மயக்கும் குணம் கிடையாது. பத்து நாளைக்கு முந்தைய கசடை வைத்து இன்றைக்கு ஸ்டியரிங் பிடிக்க முடியாத நிலையில் இருந்தார் என்று எந்த நீதிபதியிடம் போய்ச் சொல்வது? பிரிட்டன் 2015 மார்ச்சில் இதற்காகவே ரத்தத்துக்கு எண் வைத்தது, கஞ்சாவுக்கு லிட்டருக்கு 2 மைக்ரோகிராம். நம் சட்டத்தில் அந்த வரி இன்னும் எழுதப்படவில்லை.

மோட்டார் வாகனச் சட்டம் 19-ஆம் பிரிவில் லைசென்ஸை ரத்து செய்ய வழி உண்டு. ஆனால் அது 'பழக்க அடிமை'யைத்தான் சொல்கிறது. ஒரு கிட் முடிவு பழக்கம் ஆகாது. ஆளை அழைத்துக் கேட்டுத்தான் உத்தரவு போட வேண்டும், 30 நாளில் மேல்முறையீடும் உண்டு. இன்னொரு ஆபத்து, போதைப்பொருள் சட்டம் 27. உட்கொள்வதே குற்றம், கஞ்சாவுக்கு ஆறு மாதம் வரை சிறை அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். லைசென்ஸுக்காகக் கொடுத்த சிறுநீர் போலீஸ் ஃபைலுக்குப் போகாது என்று விதியில் எழுதாமல் டிரைவரை வரிசையில் நிறுத்துவது அநியாயம். அதே சட்டத்தின் 64ஏ, தானே முன்வந்து சிகிச்சை எடுக்கும் அடிமைக்கு வழக்கிலிருந்து விலக்கு தருகிறது. விதி எழுதுகிறவர்கள் அங்கிருந்து தொடங்கலாம்.

ஏழுவண்டிமுதலாளி

சட்டம் பேசுகிறவர் ஒன்றை விட்டுவிட்டார். 2020 நவம்பரில் மத்திய அரசு ஆப் கம்பெனிகளுக்கு வழிகாட்டுதல் போட்டது. மூன்று வருஷத்துக்குள் குடித்து ஓட்டித் தண்டனை பெற்றவரைச் சேர்க்கக் கூடாது, ஒரு நாளில் 12 மணி நேரத்துக்கு மேல் ஓட்டக் கூடாது, அதன்பின் 10 மணி நேரம் ஓய்வு. போட்டார்கள், சரி. நம்ம ஊர் டிராவல்ஸ் ஆபீஸுக்கு அது பொருந்தாது. அதனால் அரசாங்கத்துக்குக் காத்திருக்க வேண்டாம், முதலாளியே செய்யலாம் என்பது என் வாதம். சாவியைக் கொடுக்கும் இடத்தில் சோதனை. யூரின் வேண்டாம், எச்சில்.

ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலத்தில் 2004 டிசம்பர் முதலே ரோட்டில் எச்சில் எடுத்துப் பார்க்கிறார்கள். கஞ்சா எச்சிலில் சுமார் ஒரு நாள் அளவுதான் நிற்கும். அதாவது 'போன மாசம் இழுத்தியா' என்று கேட்கவில்லை, 'இப்ப வண்டி எடுக்கலாமா' என்று கேட்கிறோம். ஏழு டிரைவர் பெயரை டப்பாவில் போட்டு, வாரம் ஒரு சீட்டு எடுப்பது. எந்த வாரம் யார் என்று எனக்கே தெரியாது.

மஞ்சள்போர்டு72

முதலாளி சொல்லுத எச்சில் பரவாயில்ல. யூரின்ல எங்களுக்கு இருக்குத பெரிய மானப் பிரச்சினையே அதுதான், ஒருத்தன் கதவு பக்கத்துல நிப்பான்.

லேப்மேசை

நிற்காவிட்டால் யூரின் டெஸ்டே இல்லை, அதுதான் சிக்கல். அமெரிக்க முறையில் எதிரே நின்று பார்ப்பதில்லை, வேறு பூட்டுகள் போடுகிறார்கள். குறைந்தது 45 மில்லி. அதை 30, 15 என்று இரண்டு பாட்டிலில் பிரித்து, டிரைவர் கண்முன் சீல் வைத்து, அவர் கையெழுத்து. வாங்கிய நாலு நிமிடத்துக்குள் பாட்டில் மேல் ஒட்டிய பட்டையில் சூடு 32-லிருந்து 38 டிகிரிக்குள் காட்ட வேண்டும். வீட்டிலிருந்து கொண்டுவந்த பாட்டில் இதில்தான் மாட்டும். லேபில், சிறுநீரில் இயல்பாகவே இருக்கும் கிரியாட்டினின் என்ற கழிவு டெசிலிட்டருக்கு 20 மில்லிகிராமுக்குக் கீழே போனால் தண்ணீர் கலந்தது அல்லது குடம் குடமாகக் குடித்துவிட்டு வந்தது. கக்கூஸ் தொட்டித் தண்ணீரை மொண்டு கலந்தால் தெரிந்துவிடும்படி அதில் நீலம் கலந்து வைப்பார்கள்.

இங்கே நீலம் கலந்து என்ன பயன்? பக்கத்திலேயே குழாய், குழாயடியில் நிறைந்த வாளி, வாளியில் மிதக்கும் மக். வாளியையும் மக்கையும் வெளியே எடுத்து, குழாய்த் திருகைச் சுற்றி டேப் ஒட்டி, பேசினிலும் நீலச் சொட்டு விட்டு, கழுவத் தண்ணீரை அவர் வெளியே வந்தபின் கொடுக்க வேண்டும். இதைச் செய்யாத கலெக்‌ஷன் சென்டரின் சீட்டு காகிதத்துக்குக்கூட ஆகாது.

எச்சிலுக்கும் நோவு உண்டு, முதலாளி கவனிக்க. பத்து நிமிடம் முன்பிருந்து வாயில் எதுவும் கூடாது. வெற்றிலை, புகையிலை அதக்குகிற வாயில் பஞ்சு சிவந்தால் கோடே தெரியாது. கொப்பளிக்கவைத்து, பத்து நிமிடம் உட்காரவைத்து எடுங்கள். கஞ்சா இழுத்தவனுக்கு வாய் காயும், பஞ்சு நனைய நேரமாகும். அவசரப்பட்டு உருவினால் முடிவு செல்லாது. கிட்டை வண்டி டேஷ்போர்டில் போடாதீர்கள். 30 டிகிரிக்கு மேல் வைக்காதே என்று பெட்டியிலேயே இருக்கும், சித்திரை வெயிலில் பூட்டிய கார் எவ்வளவு கொதிக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

தாமிரபரணிக்காரன்

வருஷத்துக்கொரு தேதி என்பதை விட்டுக்கொடுக்கிறேன், சீட்டுக் குலுக்கலே சரி. ஆனால் முதலாளி கையில் மட்டும் விட முடியாது. சீசனில் ஆள் இல்லாத நாளில் பாசிட்டிவ் வந்தவனை நிறுத்தி டிரிப்பை விடுவாரா? அரசாங்கம் வேண்டும். விபத்து நடந்த பிறகாவது கட்டாயம் வேண்டும்.

சட்டம்பேசுவோம்

போலீஸ் கைக்குப் போனால் கடிகாரத்தைப் பார்க்கும் வேலை. மோட்டார் வாகனச் சட்டம் 202-ன்படி, 185-ல் கைதானவரை இரண்டு மணி நேரத்துக்குள் டாக்டர் பார்க்க வேண்டும், இல்லையென்றால் விட்டுவிட வேண்டும். பாபநாசம் மலை மேலே மடக்கிவிட்டு நெல்லை ஹைகிரவுண்ட் ஆஸ்பத்திரிக்கு இறக்குவதற்குள் நேரம் ஓடிவிடும். பக்கத்து அரசு மருத்துவமனையிலேயே ரத்தம் எடுப்பது புத்திசாலித்தனம்.

லேப்மேசை

எடுப்பவர் மதுவுக்கும் சேர்த்து எடுப்பதானால் கையை ஸ்பிரிட் போட்டுத் துடைக்கக் கூடாது. ரத்தம் சோடியம் புளோரைடு போட்ட சாம்பல் மூடிக் குழாயில். சாதாக் குழாயில் போட்டு வெயிலில் அனுப்பினால் உள்ளேயே புளித்து, குடிக்காதவனும் குடித்தவன் ஆவான்.

மஞ்சள்போர்டு72

எல்லாம் சரி. முதலாளிக்கு ஒரே கேள்வி. எச்சில்ல பாசிட்டிவ்னு வந்துட்டு. பெரிய லேப் முடிவு வர நாலஞ்சு நாள். அதுவரைக்கும் சாவி யாருகிட்ட, பேட்டா யாரு குடுப்பா?

ஏழுவண்டிமுதலாளி

சாவி என்னிடம். பேட்டா பாதி தருகிறேன்.

மஞ்சள்போர்டு72

முடிவு நெகட்டிவ்னு வந்தா மீதி பாதியும் சேத்து. எழுதிக் குடுங்க, முதல் சீட்ட எம் பேருல எடுங்க.