தனக்குப் பாதகமான பத்திரத்தை வாதி கோர்ட்டில் காட்டியே ஆக வேண்டுமா?

கோமதி: பெரியப்பா மகன் பாகப்பிரிவினை கேட்டு வழக்குப் போட்டிருக்கிறார். 2009-ல் அப்பாவிடம் பணம் வாங்கிக்கொண்டு, தன் பாகத்தை விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்தவர் அவர். பிராதில் (அவர் போட்ட வழக்கு மனுவில்) அதைப் பற்றி மூச்சே இல்லை. எங்கள் வக்கீலோ, "அவர் காட்ட வேண்டிய அவசியமில்லை, நாம்தான் போட வேண்டும்" என்கிறார். அப்படியா?

வாய்தா வேலு: வக்கீல் சொன்னது சரிதான். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் வாதி, தான் நம்பியிருக்கும் ஆவணத்தைத்தான் பிராதோடு கொடுக்க வேண்டும். தன் கழுத்துக்குத் தானே சுருக்குக் கயிறு யார் கொண்டுவருவார்? பதிவான பத்திரம். வில்லங்கச் சான்று போட்டால் அதன் விவரம் உங்களுக்கே கிடைக்கும்.

பழைய குமாஸ்தா: வேலு தம்பி, இதே பேச்சை ஒரு காலத்தில் சென்னை உயர் நீதிமன்றமே பேசியது. செங்கல்வராய நாயுடு வழக்கு. கடன் கொடுத்திருந்த சௌகாருக்காகக் கோர்ட் ஏலத்தில் சொத்தை எடுத்தவர் அவருடைய குமாஸ்தா (என் இனம்தான், என்ன செய்ய). அப்புறம் சௌகாருக்கே விடுதலை எழுதிக் கொடுத்துவிட்டார். சொத்துக்காரர்கள் சௌகாருக்குக் கடன் பணத்தையும் கட்டிவிட்டார்கள். பிறகு அதே குமாஸ்தா பத்திரத்தை மறைத்துப் பாகம் கேட்டு, முதல்நிலைத் தீர்ப்பாணையும் (பாகம் உண்டு என்ற முதல் கட்ட உத்தரவு) வாங்கிவிட்டார். உண்மையான வழக்கோடு வர வேண்டிய கடமை வாதிக்கு இல்லை என்றது உயர் நீதிமன்றம். 1993-ல் உச்ச நீதிமன்றம் அதைத் தூக்கி எறிந்தது. வழக்குக்குச் சம்பந்தமாகத் தான் எழுதிக் கொடுத்த ஆவணம் எல்லாவற்றையும் காட்டியாக வேண்டும், மறைத்தால் கோர்ட்டையே ஏமாற்றியதாகும் என்றார்கள். நீங்கள் சொன்ன "பதிவான பத்திரம்தானே, நகல் எடுத்துப் போட்டிருக்கலாமே" என்பதையும் அங்கேயே ஏற்கவில்லை.

வேலு: தீர்ப்பு ஏட்டில் இருக்கிறது அண்ணா. பொய் வழக்குக்கு அதே நடைமுறைச் சட்டத்தின் 35ஏ பிரிவில் எதிர்த்தரப்புக்குக் கிடைக்கும் ஈட்டுச் செலவு 3000 ரூபாய்க்கு மேல் போகாது. ஒரு வாய்தாவுக்கு ஊரிலிருந்து வந்துபோகிற செலவே அதைத் தின்றுவிடும். இன்னொன்று, வணிக நீதிமன்றங்களுக்கு 2015-ல் வந்த சட்டம், பாதகமான ஆவணத்தையும் காட்டச் சொல்கிறது. எல்லா வழக்குக்கும் ஏற்கெனவே அப்படித்தான் என்றால் அதைத் தனியாக எழுதுவானேன்?

செல்வி: ஜீவனாம்ச வழக்கிலும் 2020-ல் ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்புக்குப் பிறகு இரண்டு தரப்பும் சொத்து, வருமான விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகக் கொடுக்க வேண்டும். என் வழக்கில் என் கணவர் "வாகனம்: இல்லை" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அன்றைக்குக் கோர்ட் வாசலில் வேப்பமரத்தடியில் புல்லட்டை நிறுத்திவிட்டு வந்தவர் அவர்தான். வண்டி மாமியார் பெயரில்!

வேலு: அக்கா, மனைவிமார் டியூஷன் வருமானத்தை எழுதுகிறார்களா?

செல்வி: நான் எழுதினேன். மாதம் 4000. அதைப் பிடித்துக்கொண்டுதான் குறுக்கு விசாரணையில் ஒரு மணி நேரம் குடைந்தார்கள்.

பழைய குமாஸ்தா: அதனால்தான் எல்லாரும் மறைக்கிறார்கள் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் வேலு, ஆவணப் பட்டியலில் விட்டுவிடுவது ஒன்று. பிராதில் நடந்ததையே நடக்கவில்லை என்று எழுதி, அடியில் "மேற்கண்டவை எனக்குத் தெரிந்தவரை உண்மை" என்று கையெழுத்துப் போடுவது வேறு. அது பொய்ச்சாட்சியக் குற்றம் வரை போகும், 7 ஆண்டு வரை சிறை. கோமதி அம்மா, பிராதை எடுத்துப் பாருங்கள், என்ன எழுதியிருக்கிறார்?

கோமதி: ஆறாவது பத்தி, ஐயா: "சொத்து இதுநாள் வரை பொதுவில் உள்ளது. வாதி தன் பாகத்தை யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை."

வேலு: அப்படியே எழுதியிருக்கிறாரா? அவர் பேசாமல் விட்டுவிட்டார் என்று நினைத்துத்தான் இவ்வளவும் பேசினேன். சரி, சார்பதிவாளர் அலுவலகத்தில் நாளைக்கே நகலுக்கு மனுப் போடுங்கள். எதிர்வழக்குரையோடு (பிராதுக்கு நீங்கள் கொடுக்கும் எழுத்துப் பதில்) சேர்த்தே கொடுத்துவிடுங்கள், விசாரணை வரட்டும் என்று வைத்துக்கொண்டிருக்காதீர்கள். அடுத்த வாய்தா என்றைக்கு?

கோமதி: 14ஆம் தேதி.